நீங்கள் திறந்த கதவு

அன்புள்ள அக்காவுக்கு,

உங்கள் பழைய பக்கத்து வீட்டுத் தையல்காரி எழுதுகிறேன். நாங்கள் நலம். மகளுக்கு மருத்துவமனையில் நிரந்தர வேலை கிடைத்துவிட்டது. இப்போது எனக்கே மருந்து சாப்பிடச் சொல்லி உத்தரவு போடுகிறாள்.

ஒரு முக்கியமான சேதி. எங்கள் ஆட்களின் வீடுகளைக் கொளுத்திய நாளை யாரும் மறந்துவிடக் கூடாது என்று ஒரு குழு வந்திருக்கிறது. நம் தெரு இருந்த இடத்தில் இப்போது கார்கள்தான் நிற்கின்றன. அதனால் தப்பிப் பிழைத்தவர்களிடம் கேட்டுக் கேட்டு, அந்தத் தெருவைக் கணினியில் கட்டியிருக்கிறார்கள். கண்ணை மறைக்கும் பெரிய கண்ணாடி ஒன்றை மாட்டிக்கொண்டால், தெருவுக்குள்ளேயே நிற்பதுபோல் இருக்கிறது. பள்ளிப் பிள்ளைகளுக்குக் காட்டப் போகிறார்களாம்.

சரியாக இருக்கிறதா என்று பார்க்க என்னைக் கூப்பிட்டார்கள். என் கடை அப்படியே இருந்தது. அன்று பறிகொடுத்த என் வீட்டுக்காரரைக் காட்ட வேண்டாம் என்று முன்பே சொல்லியிருந்தேன், காட்டவில்லை. கூச்சல் கேட்டது, புகை எழுந்தது. என் கால்கள் தாமாகவே உங்கள் வீட்டுப் பக்கம் ஓடின. கதவு சாத்தியிருந்தது.

கண்ணாடியைக் கழற்றி, அதைச் செய்த பெண்ணிடம் சொன்னேன்: "இந்தக் கதவு சாத்தியிருந்தா நானும் என் பொண்ணும் இன்னிக்கு இல்லம்மா."

எங்களை உள்ளே இழுத்து அழுக்குத்துணிக் குவியலுக்குள் மறைத்ததையும், கும்பலோடு வந்த உங்கள் மைத்துனரை நீங்கள் வாசலிலேயே மறித்து நின்றதையும் சொன்னேன். "உள்ள என் பிள்ளைங்க தூங்குது, எழுப்பிடாத" என்றீர்களே, அதையும் சொன்னேன். அந்தப் பெண் எல்லாவற்றையும் எழுதிக்கொண்டாள்.

மறுபடி போனபோது கதவு திறந்திருந்தது. உள்ளே போய்க் கைகூப்பி நின்றேன். வெறும் காற்றைக் கும்பிடுகிறாளே என்று பார்த்தவர்கள் நினைத்திருப்பார்கள். நினைக்கட்டும். அன்று எங்களை மறைக்கும்போதே நீங்கள் என் வாயைப் பொத்திவிட்டீர்கள். பிறகு, எங்களுக்கு இடம் கொடுத்ததற்காக உங்கள் சொந்தங்களே உங்களை ஊரைவிட்டுத் துரத்திவிட்டார்கள். நன்றி சொல்ல எனக்கு வாய்ப்பே வரவில்லை.

அது யார் வீடு என்று எழுதலாமா என்று கேட்கிறார்கள். அக்காவைக் கேட்காமல் சொல்ல மாட்டேன் என்றுவிட்டேன். உங்கள் சொந்தங்கள் இன்னும் இந்த ஊரில்தான் இருக்கிறார்கள், எனக்குத் தெரியும். வேண்டாமென்றால் பேர் இல்லாமலே இருக்கட்டும். கதவு திறந்திருந்தால் போதும்.

ஆனால் ஒருமுறை வந்து பாருங்கள். நாங்கள் குடியிருப்பது மாடி. முழங்கால் ஒத்துழைக்காவிட்டால் மகள் தூக்கிக்கொண்டே ஏறிவிடுவாள். வந்தபிறகு திரும்பிப் போகத் தோன்றவில்லை என்றால் போகாதீர்கள். எங்கள் வீட்டில் உங்களுக்கு இடம் இருக்கிறது. நீங்கள் நூறு வயது நல்லபடியாக இருக்க வேண்டும்.

உங்களால் இருக்கும்,
தங்கை