கமாஞ்சிக் காக்காவுக்கு, பெயர் எழுதாமல்

என் அன்புக் காக்கா,

இந்தக் கடிதத்தில் உங்கள் பெயர் ஓரிடத்திலும் வராது. கூட இருந்து படிப்பவர்களுக்காக மட்டும் கொஞ்சம் சொல்லிவிடுகிறேன். எங்கள் காயல்பட்டினத்தில் அண்ணனைக் காக்கா என்போம். இந்தக் காக்கா அமெரிக்காவின் ஓக்லஹோமாவிலிருந்து கல்ஃபில் இருக்கிற அல் கூஸுக்கு வெல்டிங் இன்ஸ்பெக்டராக வந்தவர். கமாஞ்சி இனத்தவர். குழாய் யார்டில் ஸ்டோர் கீப்பரான என்னோடு ஆறு வருடம் ஒரே கன்டெய்னர் ஆபீஸில் உட்கார்ந்திருந்தவர்.

நீங்கள் போய் இரண்டு மாதம் ஆகப்போகிறது. வெயில் ஏறிவிட்டது. உங்கள் நாற்காலிக்குப் புதியவர் வந்திருக்கிறார். நல்ல மனிதர்தான், ஆனால் ஜாயின்ட்டைக் குனிந்துகூடப் பார்க்காமல் கையெழுத்துப் போடுகிறார். உங்களுக்குக் கோபம் வரும் என்று தெரிந்தேதான் சொல்கிறேன்.

முதல் நாள் நான் கேட்ட அசட்டுக் கேள்விகள் ஞாபகம் இருக்கிறதா? இறகு எங்கே, குதிரை எங்கே என்றேன். "குதிரை வெளியே நிற்கிறது, ஏசி மட்டும் வேலை செய்யாது" என்று உங்கள் பழைய பிக்கப்பைக் காட்டினீர்கள். பிறகு, கமாஞ்சி என்பது பக்கத்து இனத்தார் வைத்த பெயர், நாங்கள் எங்களை நுமுனு என்போம், மக்கள் என்று அர்த்தம் என்றீர்கள். நான் ஒருமுறை சொல்லிப் பார்த்தேன். நீங்கள் கண்ணாடியைக் கழற்றிவிட்டு என்னையே பார்த்தீர்கள். கூடப் படித்த வெள்ளைக்காரர்களுக்கு இன்னும் வராத உச்சரிப்பு இவனுக்கு எப்படி வந்தது என்று கேட்டீர்கள். 'அது', 'இது' என்று உகரத்தைக் குறுக்கிச் சொல்கிற வாய்க்கு இது பெரிய காரியமா? ஆனாலும் அன்று முழுக்க நான் தலை நிமிர்ந்துதான் நடந்தேன்.

அதற்குப் பிறகு ஒவ்வொரு டீ பிரேக்கிலும் கதைதான். மலையிலிருந்து நடந்து இறங்கி வந்த உங்கள் முன்னோர், ஸ்பானியர் கொண்டுவந்த குதிரையைப் பிடித்து, அந்தக் குதிரையில் அவர்களையே ஜெயித்த கதை. நூறு வருடத்துக்கும் மேலாக அந்தச் சமவெளியில் உங்கள் ஆட்களைக் கேட்காமல் யாரும் கடந்து போக முடியவில்லை என்று சொல்லும்போது உங்கள் குரலே மாறிவிடும். "நாங்கள் சாதுக்கள் இல்லை பாய். ஊர்களைக் கொள்ளையடித்தோம், ஆட்களைப் பிடித்து வந்தோம். அதையும் சேர்த்துச் சொல்" என்பீர்கள். குதிரைமேல் இருப்பவனை ஜெயிக்க முடியாத அமெரிக்க ராணுவம், கடைசியில் ஆயிரத்துக்கும் மேற்பட்ட குதிரைகளைப் பிடித்துச் சுட்டுக் கொன்ற கதையை ஒரே ஒரு தடவைதான் சொன்னீர்கள். அன்று உங்கள் டீ ஆறிப்போனது.

எனக்குப் பிடித்தது இரண்டாம் உலக யுத்தக் கதை. சொந்த பாஷையைப் பேசினால் பள்ளிக்கூடத்தில் அடித்தார்கள். அப்படி அடிவாங்கி வளர்ந்தவர்களிடமே பிறகு ராணுவம் வந்து, எதிரிக்குப் புரியாதபடி வயர்லெஸ்ஸில் அந்தப் பாஷையைப் பேசுங்கள் என்று கேட்டது. டாங்கிக்கு உங்கள் பாஷையில் சொல் இல்லை, அதனால் ஆமை என்று வைத்துக்கொண்டார்களாம். எதிரி கடைசிவரை ஒன்றையும் கண்டுபிடிக்கவில்லை. இந்தக் கதையை நான் முவைலாவில் என் ரூமில் எத்தனை பேருக்குச் சொல்லியிருப்பேன், என்னவோ என் குடும்பத்துக் கதை மாதிரி.

இவ்வளவும் ஞாபகம் வைத்திருந்தவன், முக்கியமான ஒன்றை மறந்துவிட்டேன் காக்கா. உங்கள் அண்ணன் இறந்து, லீவ் முடிந்து நீங்கள் திரும்பி வந்த அன்று, துக்கம் விசாரிக்கிறேன் என்று அவர் பெயரைச் சொல்லிக் கேட்டேன். நீங்கள் முகத்தைத் திருப்பிக்கொண்டீர்கள். பிறகு சொன்னீர்கள், "எங்கள் வீட்டில் இறந்தவர் பெயரைச் சொல்ல மாட்டோம். கூப்பிட்டால் போகிறவர் திரும்பிப் பார்ப்பார். எனக்கும் அப்படித்தான். சொல்ல மாட்டாய்தானே?" சொல்ல மாட்டேன் என்று வாக்குக் கொடுத்தேன்.

அப்புறம் நீங்களும் இறந்துபோனபோது என்ன செய்தேன்? நம் ஆட்களுக்கு ஒருவர் போய்விட்டால் பேனர் அடிக்காமல் கை சும்மா இருக்குமா. கண்ணீர் அஞ்சலி என்று மேலே போட்டு, நடுவில் உங்கள் படம், கீழே தமிழ், ஆங்கிலம், அரபி என்று மூன்று எழுத்திலும் உங்கள் பெயர். ஆர்டர் கொடுத்தது நான்தான். பெயர் இன்னும் பெரிதாக வேண்டும் என்று கடைக்காரரிடம் சண்டை போட்டதும் நான்தான்.

வெள்ளிக்கிழமை ஜும்ஆ முடிந்து கேம்ப் மெஸ் ஹாலில் கூட்டம். உங்கள் சாமான்களை எடுக்க உங்கள் மகள் வந்திருந்தார். பெருமையாக அவரை பேனர் முன்னால் கூட்டிக்கொண்டு போனேன். படத்தைப் பார்த்துச் சிரித்தார். பெயரைப் பார்த்ததும் தலையைக் குனிந்துகொண்டார். அப்போதுதான் எனக்கு உறைத்தது காக்கா.

அதற்குள் ஃபிட்டர் பாண்டி மைக்கைக் கையில் எடுத்துவிட்டான். ஓடிப்போய் மைக்கைப் பொத்தினேன்.

"பேரைச் சொல்லாதே பாண்டி."

"என்னண்ணே சொல்றிய? பேரச் சொல்லாம என்ன இரங்கல் கூட்டம்? நல்லாவா இருக்கும்?"

"அவங்க வீட்டுல சொல்லக் கூடாது. நான் வாக்குக் கொடுத்திருந்தேன். மறந்துட்டேன்."

பாண்டி என்னைப் பார்த்தான், உங்கள் மகளைப் பார்த்தான். பாக்கெட்டிலிருந்து கட்டரை எடுத்து நீட்டினான். "அப்பறம் என்ன, வெட்டுங்கண்ணே." எல்லோரும் பார்க்க, மேசைமேல் ஏறி, மூன்று வரியையும் வெட்டி எடுத்தேன். பட்டான் போர்மேனுக்கு விஷயம் புரியவில்லை. "நாம் மத் லோ பாய்" என்று இந்தியில் சொல்லி, பெயரை எடுக்காதபடி அவரையும் தடுத்தேன்.

அன்று பேசிய ஒருவருக்கும் உங்கள் பெயர் துணைக்கு வரவில்லை. அதனால் நீங்கள் செய்ததைத்தான் சொல்ல வேண்டியிருந்தது. "மேனேஜர் சொன்னாக் கூட கையெழுத்துப் போடாதவரு. மூணு நாளு நம்மள ஜாயின்ட்ட வெட்டித் திரும்பப் போட வெச்சாரு, திட்டுனோம். டெஸ்ட்ல ஒரு சொட்டு ஒழுகலையே" என்றான் பாண்டி. வெயிலில் ஒருவன் மயங்கி விழுந்த அன்று நீங்கள் வேலையை நிறுத்திவிட்டு, யாரையும் உள்ளே விடாமல் வாசலில் நின்றதைப் போர்மேன் சொன்னார். இருபது பேர் பேசினார்கள். எனக்கு நெஞ்சு நிறைந்து வழிந்தது.

பிறகு உங்கள் மகளிடம் போய், அதை எழுத வைத்தவன் நான்தான், மன்னித்துவிடுங்கள் என்றேன். அவர் என் கையைப் பிடித்துக்கொண்டார். ஊரில் நடந்த அடக்கத்தில் உங்கள் பெயரைப் பலமுறை சொன்னார்களாம், இப்போது பல வீடுகளில் அந்த வழக்கத்தை யாரும் பார்ப்பதில்லையாம். "அப்பா கேட்டது இங்கேதான் நடந்தது" என்றார்.

உங்கள் சாமான்களை அவர் எடுத்துப் போகவில்லை. அங்கேயே எல்லோருக்கும் பங்கிட்டுக் கொடுத்தார், அதுவும் உங்கள் வழக்கமாம். பாண்டிக்கு உங்கள் ஷூ ஒரு சைஸ் பெரிது, பஞ்சு வைத்துப் போட்டுக்கொண்டு திரிகிறான். உங்கள் மகள் ஊரில் பிள்ளைகளுக்கு உங்கள் பாஷையைச் சொல்லிக் கொடுக்கிற வீடியோவை எனக்கு அனுப்புகிறார். பிள்ளைகள் என்னமாய்ப் பேசுகிறார்கள் காக்கா, நீங்கள் பார்க்க வேண்டும்.

உங்கள் பெயர் என் வாயில் வராது. ஆனால் இந்த கல்ஃபில் எவனாவது உங்கள் மக்களின் கதை முடிந்துபோனது என்று சொன்னால், அவனை உட்காரவைத்து முழுவதையும் சொல்லாமல் எழுந்துபோக விடமாட்டேன். ஒரு வாக்கைத் தவறவிட்டுப் பிடித்தவன் நான். இந்த வாக்கு தவறாது.

உங்கள் உடன்பிறவாத் தம்பி,
காயல்காரன்