கம்ஃபியா கீறேன் என்று சொன்னவளுக்கு

என் செல்லப் பிசாசே, தேவிக்கா,

நேற்று பூந்தமல்லி கோர்ட்டில் நான்தான் சாட்சி. ஆனால் கூண்டில் ஏற்றி நிறுத்தியது என்னை இல்லை, உன் வார்த்தையை. உன் புருஷனுடைய வக்கீல், நீ எனக்கு அனுப்பிய பழைய வாட்ஸப் செய்திகளைத் தாளில் எடுத்து வந்து, தொண்டையைச் செருமிக்கொண்டு ஒவ்வொன்றாகப் படித்தார். 'நான் கம்ஃபியா இருக்கிறேன்.' 'வீட்டில் எல்லாம் கம்ஃபி.' நீ எழுதியது 'கீறேன்', 'ஊட்ல'. அதைக்கூட அவர் திருத்தித்தான் படித்தார். அங்கேயே எனக்கு ஆத்திரம் தலைக்கேறிவிட்டது.

நீ போய் இரண்டு தீபாவளி ஆகிவிட்டது. காட்டுப்பாக்கம் ஃப்ளாட்டில் நீ பாத்ரூமில் வழுக்கி விழுந்து செத்தாய் என்று அவன் இன்னமும் சாதிக்கிறான். வழுக்கி விழுந்தவளுக்குப் பின்மண்டையிலும் அடி, நெற்றியிலும் அடி, கழுத்தில் விரல் தடம் எப்படி வரும் என்று பிரேதப் பரிசோதனை செய்த டாக்டர் எழுதிவைத்ததால்தான் இந்த வழக்கே நிற்கிறது. அவன் இப்போது ஜாமீனில் வெளியே இருக்கிறான். மகன் விடுதலையானால் யாழினியைக் கூட்டிக்கொண்டு போய்விடுவேன் என்று அவன் அம்மா கோர்ட்டு வராந்தாவில் என் காதுபடவே சொன்னாள். உன் மகள் இப்போது என்னிடம், கோவில்பதாகையில், நம் வீட்டில் இருக்கிறாள். அவளை விட மாட்டேன். எனக்கு இந்த வழக்கு என்றால் அவ்வளவுதான்.

அந்தக் கம்ஃபி என்கிற வார்த்தை உனக்கு எங்கே கிடைத்தது என்று எனக்குத் தெரியும். கல்யாணத்துக்கு முன்னால் அம்பத்தூர் எஸ்டேட்டில் எக்ஸ்போர்ட் கம்பெனியில் தைத்தாயே, அங்கே சட்டைக் கழுத்தில் வைக்கிற லேபிளில் அது இருந்தது. அர்த்தம் கேட்டதற்கு சூப்பர்வைசர், "சொகமா கீதுன்னு அர்த்தம், வேலையப் பாரு" என்றாராம். வீட்டுக்கு வந்து சாப்பிட்டுக்கொண்டே நீயும் நானும் அதைப் போட்டு அலசினோம். கம்ஃபர்டபிள் என்றால் இன்டர்வியூவுக்குப் போகிற ஆள், ஷூ போட்டிருக்கும். கம்ஃபி என்றால் அதே ஆள் வீட்டுக்கு வந்து கைலி மாற்றிக்கொண்டது. நீ சொன்ன விளக்கம்தான். பிறகு அகராதி பார்த்தபோது அதிலும் கிட்டத்தட்ட அப்படித்தான் போட்டிருந்தது, பேச்சுவழக்கில் வருவது என்று.

நம் வாயில் அது சும்மா நிற்காது. பின்னால் ஒரு 'யா'வைக் கோத்தால்தான் நடக்கும். சோஃபா கம்ஃபியா இருக்கு. செருப்பு கம்ஃபியா இல்ல. உன் ஃப்ளாட் விளம்பரப் பலகையில்கூட அந்த வார்த்தை பெரிய எழுத்தில் இருந்தது, பக்கத்தில் தலையணையைக் கட்டிப்பிடித்துக்கொண்டு ஒரு பெண் சிரித்தாள். மனுஷனுக்கும் அதைச் சொல்கிறார்கள். உன் கட்டடத்தில் மூணாவது மாடியில் இருந்த, ஐடி வேலை பார்த்த பெண், 'அந்த வாட்ச்மேன் பாக்கறது எனக்குக் கம்ஃபியா இல்ல' என்று ஃப்ளாட் அசோசியேஷன் வாட்ஸப் குரூப்பில் ஒரு வரி எழுதினாள். மறுநாள் வாட்ச்மேன் மாறிவிட்டார். அவளைக் குறை சொல்லவில்லை, சரியாகத்தான் சொன்னாள். ஆனால் அதே கட்டடத்தில் நீ இரண்டாம் மாடியில் கத்தியது ஒருத்தர் காதிலும் விழவில்லையே, அது எப்படிக்கா?

எனக்குக் காது கேட்டது. எல்லோரும் நான் ஏதோ குற்ற உணர்ச்சியில் வெந்துகொண்டிருப்பதாக நினைத்து முதுகைத் தடவுகிறார்கள். எனக்கு அந்த உணர்ச்சி எல்லாம் கிடையாது, கோபம்தான் இருக்கிறது. நான் வந்தேன். அவன் குக்கர் மூடியால் உன் தோளில் அடித்தது தெரிந்த அன்றைக்கே ஷேர் ஆட்டோ பிடித்து வந்தேன். பார்க்கிங்கில் நின்ற அவன் பைக்கின் ஹெட்லைட்டை செங்கல்லால் உடைத்துவிட்டுத்தான் படியேறினேன். அவன் கதவைத் திறந்ததும் சட்டையைப் பிடித்தேன், அவன் என் முடியைப் பிடித்தான். நீதான் நடுவில் பாய்ந்து என் மணிக்கட்டைக் கடித்து என்னை விலக்கினாய். அவன் கையைக் கடித்திருக்கலாம் இல்லையா?

"உன்ன யார்டீ வரச் சொன்னா. நான் கம்ஃபியாதான் கீறேன். ஊட்டுக்குப் போ."

உதடு கிழிந்து, பல்லில் ரத்தத்தோடு அப்படிச் சொன்னாய். அவன் பின்னால் நின்று சிரித்தான். "கேட்டியா, உங்கக்காவே சொல்றா" என்றான். நேற்று வக்கீல் அந்தச் சிரிப்பைத்தான் கோட்டு போட்டுக்கொண்டு வந்து சிரித்தார்.

ஃப்ளாட்டில் இருந்தபடியே வாட்ஸப் குரூப்பில் நீ நடத்திய நைட்டி வியாபாரத்தை இப்போது நான் நடத்துகிறேன். குரூப்பில் உன் பெயரை மாற்றவில்லை, 'தேவி கம்ஃபி நைட்டீஸ்' அப்படியே இருக்கிறது. திருவேற்காட்டு டீச்சரம்மா இன்னும் ஒவ்வொரு துணிக்கும் சாயம் போகுமா என்று கேட்கிறார். ஆரம்பத்தில் நான் எடுத்த சரக்கு எல்லாம் திரும்பி வந்தது. துணி உறுத்துகிறது என்றார்கள். அப்போதுதான் வண்ணாரப்பேட்டை மொத்தக் கடையில் நீ துணி பார்க்கிற விதம் ஞாபகத்துக்கு வந்தது.

மற்ற பெண்கள் விரலால் தடவிப் பார்ப்பார்கள். கசக்கிப் பார்ப்பார்கள். நீ முழங்கைக்கு மேலே ரவிக்கைக் கையைச் சுருட்டிவிட்டு, துணியை அங்கே வைத்து, கண்ணை மூடிக்கொண்டு மெதுவாக இழுப்பாய். சில துணிக்கு உன் முகம் சுண்டும், அதை ஒதுக்கிவிடுவாய். சிலதுக்கு ஒன்றும் ஆகாது, அதை வாங்குவாய். கடைக்காரர் கிண்டல் பண்ணுவார். "இன்னாம்மா, ஊசி போட்டுக்கறியா" என்பார். நான் கேட்டபோது நீ சொன்னாய், "விரலுக்கு இன்னாடி தெரியும். நொந்த எடத்துக்குத்தான் துணி தெரியும்."

நொந்த இடம் உன் உடம்பில் எப்போதும் ஏதாவது ஒன்று இருந்தது. சார்ஜர் ஒயரால் விளாசிய தடம், அயர்ன்பாக்ஸ் பட்ட இடம், கதவிடுக்கில் வைத்து நசுக்கிய கை. நீ அதில் வைத்துப் பார்த்துப் பொறுக்கியெடுத்த துணியைத்தான் போரூர் முதல் பூந்தமல்லி வரைக்கும் பெண்கள் உடுத்திக்கொண்டு, 'செம கம்ஃபி, தேவி' என்று பூப்படம் போட்டார்கள். கத்திரி வெயிலில் உனக்கு மட்டும் முழுக்கை வைத்துத் தைத்துக்கொண்டாய். அதைப் பார்த்து மற்றவர்களும் கேட்டதால் முழுக்கை நைட்டி உன் ஸ்பெஷலாகவே ஆகிவிட்டது.

உன் சாவு வீட்டில் நடந்ததை யாராவது உனக்குச் சொல்லியிருக்க வேண்டும். அப்போது டாக்டரின் அறிக்கை வரவில்லை, அவனைப் பிடிக்கவில்லை. ஆஸ்பத்திரித் துணியில் சுற்றி உன்னைக் கொண்டுவந்து ஃப்ளாட் பார்க்கிங்கில் கிடத்தியிருந்தார்கள். பிறந்த வீட்டுக் கோடியாக அம்மா பட்டுப்புடவை எடுத்து வந்தாள். நான் மெரூன் கலர் நைட்டி ஒன்றை மடித்து உன்மேல் வைத்தேன், நீ கடைசியாகப் பொறுக்கிய துணி. அரக்கோணத்து அத்தை அதைத் தூக்கி ஓரமாகப் போட்டார்.

"சுமங்கலியா போயிருக்கா, கொடுத்து வெச்சவ. மாப்ள, நீங்க வந்து நெத்தியில குங்குமம் வெச்சு வுடுங்க" என்றார் அத்தை.

அவன் வந்தான் அக்கா. கண்ணைத் துடைத்துக்கொண்டே வந்தான். உன் நெற்றியில் தையல் போட்ட இடத்துக்கு மேலே அந்தக் கையைக் கொண்டுபோனான். அதே கை. நான் என்ன செய்தேன் என்று எனக்கே பாதிதான் தெரிகிறது. குங்குமத் தட்டு பறந்தது. அவன் விரலைப் பின்பக்கமாக முறித்தேன், அவன் அலறியதைக் கேட்டு எனக்கு நிம்மதியாக இருந்தது, உண்மையைச் சொல்கிறேன். முழங்காலால் அவன் வயிற்றில் இடித்தேன். நாலு ஆம்பளைகள் சேர்ந்து என்னை இழுத்து, நின்றிருந்த கார்மேல் சாய்த்துப் பிடித்தார்கள். அந்த வெள்ளைக் காரெல்லாம் குங்குமம். அம்மா என்னை அறைந்தாள். "செத்தவள நிம்மதியா அனுப்பக்கூட வுட மாட்டியாடீ" என்றாள். உன்னையும் அவள் அப்படித்தானே அனுப்பினாள், ஒவ்வொரு தடவை நீ பையோடு வந்து நின்றபோதும், கொஞ்சம் பொறுத்துக்கோ என்று.

வக்கீல் அதையும் விடவில்லை.

"சடங்கு நேரத்தில் என் கட்சிக்காரரை நீங்கள் தாக்கினீர்களா?"

"அடிச்சேன். வெரல ஒடச்சேன். இப்பவும் அடிப்பேன்."

நம் பக்கம் பேசுகிற அரசு வக்கீல் தலையில் கை வைத்துக்கொண்டார். கேட்டதற்கு மட்டும் பதில் சொல்லும்படி நீதிபதி அம்மா சொன்னார். கேட்டதுக்குத்தாம்மா சொன்னேன் என்றேன். அதற்குப் பிறகுதான் அவன் வக்கீல் உன் செய்திகளைப் படித்தார். படித்து முடித்து, "இதன்படி உங்கள் அக்கா சந்தோஷமாக வாழ்ந்திருக்கிறார், சரிதானே?" என்றார்.

எனக்கு எதையாவது எடுத்து வீச வேண்டும்போல் இருந்தது, கூண்டில் வீசுவதற்கு ஒன்றும் இல்லை. நான் போட்டிருந்தது நீ தைத்த முழுக்கைச் சுடிதார். அதன் கையைத் தோள் வரைக்கும் சுருட்டிவிட்டேன். நீதிபதி அம்மாவைப் பார்த்துதான் பேசினேன்.

"அம்மா, எங்கக்கா துணிய இங்க வெச்சுப் பாப்பாம்மா. அடிபட்ட எடத்துல. அங்க பட்டு வலிக்கலன்னா அதுக்குப் பேர் கம்ஃபி. அவ துணிக்குச் சொன்னதும் அதுதான், தனக்குச் சொல்லிக்கினதும் அதுதான். சந்தோஷமா கீறேன்னு அவ ஒரு நாளும் எழுதலம்மா. வேணும்னா அந்தத் தாள் பூரா தேடச் சொல்லுங்க."

வக்கீல் தாளைப் புரட்டினார். நிஜமாகவே புரட்டினார், அந்த ஆள். முன்னாலிருந்து பின்னால், மறுபடி பின்னாலிருந்து முன்னால். சந்தோஷம் என்கிற சொல்லை நீ ஒருமுறைகூட எழுதவில்லை என்று எனக்குத் தெரியும். ராத்திரி பகலாக உன் செய்திகளையே படித்துக்கொண்டிருந்தவள் நான். கடைசியில் மேற்கொண்டு கேள்வி இல்லை என்று உட்கார்ந்தார். அவன் முறிந்த விரலை இன்னொரு கையால் மூடிக்கொண்டிருந்தான். அது இன்னும் நேராகவில்லை.

நீதிபதி அம்மா ஏதோ எழுதிக்கொண்டார். என்ன எழுதினார் என்று தெரியாது. தீர்ப்புக்கு இன்னும் நாள் இருக்கிறது, சாட்சிகள் இருக்கிறார்கள். ஜெயித்துவிட்டோம் என்று உன்னிடம் பொய் சொல்ல மாட்டேன்.

அம்மாவைப் பற்றிச் சொல்ல வேண்டும். அவன் ஜாமீனில் வந்ததிலிருந்து அவள் துணி துவைக்கிற கட்டையைப் பக்கத்தில் வைத்துக்கொண்டு வாசலில்தான் உட்கார்ந்திருக்கிறாள். பார்சல் கொண்டுவந்தவரை ஒருநாள் அதை ஓங்கிக்கொண்டு விரட்டிவிட்டாள். என்னிடம் அவள் ஒன்றும் பேசுவதில்லை. நானும் அவளை மன்னித்தேன் என்று சொல்லவில்லை.

நேற்று கோர்ட்டிலிருந்து வந்தபோது யாழினிக்குப் புது கவுன் மாட்டிக்கொண்டிருந்தாள். பின்கழுத்தில் லேபிள். யாழினி உடம்பை முறுக்கிக்கொண்டு, "பாட்டி, குத்துது. கயட்டு" என்று கத்தினாள். தெருவே கேட்கிற மாதிரி கத்தினாள், உன் தொண்டை அப்படியே.

அம்மா வழக்கம்போல, "கொஞ்சம் பொறுத்..." என்று ஆரம்பித்தாள்.

பாதியில் நிறுத்திவிட்டாள். கவுனை ஒரே இழுப்பில் கழற்றினாள், பொத்தான் தெறித்து ஓடியது. கத்தரிக்கோல் தேடிப் போனாள், கிடைக்கவில்லை. லேபிளைப் பல்லால் கடித்துப் பிய்த்துத் துப்பினாள். துணியும் சேர்ந்து கிழிந்தது. பிறகு அந்தக் கிழிசலைத் தன் கன்னத்தில் வைத்து இழுத்துப் பார்த்தாள். ஒருமுறை பார்த்துவிட்டு, மறுபடியும் பார்த்தாள்.

"இப்ப குத்துதா, பாரு" என்று யாழினியிடம் கொடுத்தாள்.

"இப்ப ஓகே" என்றாள் உன் மகள், ஒன்றுமே நடக்காத மாதிரி.

அக்கா, தீர்ப்பு எப்படி வந்தாலும் யாழினி அந்த வீட்டுப் படியை மிதிக்க மாட்டாள். சட்டப்படி முடிந்தால் சட்டப்படி. முடியாவிட்டால் வாசலில் கட்டையோடு அம்மா இருக்கிறாள், அவளைத் தாண்டினால் நான் இருக்கிறேன். கம்ஃபி என்கிற வார்த்தையைத் துணிக்கும் தலையணைக்கும் அவள் சொல்லிக்கொள்ளட்டும். தனக்கு வலித்தால் வலிக்குது என்றுதான் சொல்வாள். அவள் அதைச் சொல்லும்போது இந்த வீட்டில் ஒருத்தராவது எழுந்து ஓடி வருவோம். இது உன்மேல் சத்தியம்.

நீ கடித்த தழும்பு மணிக்கட்டில் இன்னும் மறையாமல் இருக்கும்,
உன் கூடப்பிறந்த தங்கச்சி மீனா