கிழிக்காத கடிதம்

தம்பிக்கு,

தோள் வலிக்காக உன் அண்ணி என்னை ஒரு பெண்ணிடம் இழுத்துப் போனாள். மனதையும் உடம்பையும் சேர்த்துப் பார்க்கும் வைத்தியமாம். ஊசி, மாத்திரை எதுவும் இல்லை. கண்ணை மூடச் சொல்லி, "ஐயா, இந்தத் தோள்ல யாரைச் சுமக்கிறீங்க?" என்று கேட்டாள்.

"யாரையும் இல்லம்மா. மோட்டார் ரிப்பேர் பண்றவன் நான். பேரிங் தேஞ்சிருக்கும்."

உன் அண்ணி சும்மா இருந்தாளா? "இவர் தம்பி கோவிச்சுக்கிட்டுக் கடையை விட்டுப் போன மாசத்திலேருந்துதான் வலி," என்று போட்டு உடைத்துவிட்டாள்.

கோபத்தையெல்லாம் உனக்குக் கடிதமாக எழுதி, அனுப்பாமல் கிழித்துவிட வேண்டுமாம். தோள் லேசாகிவிடுமாம். கிழிப்பதற்காக யாராவது எழுதுவார்களா? நான் அனுப்புகிறேன்.

சொல்லாமல் போனது உன் தப்பு. அதில் மாற்றமில்லை. கோபத்தால் தோள் வலிக்கும் என்பதையும் ஒப்புக்கொள்ள மாட்டேன். துருப்பிடித்த அந்த ஷட்டரை இருபது வருடம் ஆளுக்கொரு பக்கம் பிடித்துத் தூக்கினோம். இப்போது தனியாகத் தூக்குகிறேன். வலிக்காமல் என்ன செய்யும்?

களைப்பாக இருக்கிறது. இன்னமும் எட்டரைக்குத்தான் கடை திறக்கிறேன். ஷட்டரில் உன் பக்கத்துக் கைப்பிடி ஆடிக்கொண்டிருந்தது. நேற்று இறுக்கி வைத்தேன்.

அண்ணன்