உங்கம்மாகிட்ட சொல்லு

நேற்று மத்தியானம் ஓசூரிலிருந்து நம் மகள் போனில் ஒரு குறும்படம் அனுப்பினாள். ஒரு புருஷன், ஒரு பெண்டாட்டி, ஒரே அறை. அவள் டீ வைக்கிறாள். அவன் சன்னல் பக்கம் திரும்பிக் குடிக்கிறான். முடியும்வரை ஒரு பேச்சு இல்லை. வெளியே மழை மட்டும் பெய்துகொண்டே இருக்கிறது. "எவ்ளோ அழகா எடுத்திருக்காங்க பாரும்மா" என்றாள். எனக்கு உடம்பெல்லாம் எரிந்தது. அழகாம். அவர்களுக்கு என்ன, அந்த மௌனத்துக்குப் புல்லாங்குழல் வாசிக்க ஆள் இருந்தது. நமக்கு மிக்சி சத்தம்தான் இருந்தது.

உங்கள் அம்மா முன்னால் பெண்டாட்டியிடம் நேராகப் பேசுவது மரியாதை இல்லை என்று கல்யாணமான புதிதில் ஆரம்பித்தீர்கள். பெரியவர்கள் இருக்கும் வீடு, சரி என்று நானும் இருந்தேன். மாமியார் காலமான பிறகும் நீங்கள் மாறவில்லை. எனக்குச் சொல்ல வேண்டியதெல்லாம் மகள் வழியாகவே வந்தது. "உங்கம்மாவ சோறு போடச் சொல்லு." "நாளைக்குப் பாலக்கோட்டுக்குத் தக்காளி ஏத்தறோம்னு உங்கம்மாகிட்ட சொல்லு." நான் அங்கேயேதான் நின்றுகொண்டிருப்பேன்.

அவளைக் கட்டிக்கொடுத்த பிறகாவது வாய் திறப்பீர்கள் என்று நினைத்தேன். நீங்கள் கூடத்தில் உட்கார்ந்து ஓசூருக்குப் போன் போட்டீர்கள். அடுத்த நிமிஷம் அடுப்படியில் என் போன் அடித்தது. "அம்மா, அப்பாவுக்குக் காப்பி வேணுமாம். ரெண்டு பேரும் ஒரே வூட்டுலதான இருக்கறீங்க?" என்று சிரித்தாள். காப்பியைக் கொண்டுவந்து டங்கென்று வைத்தேன். நீங்கள் நிமிரவில்லை.

கிருத்திகை தவறாமல் விரதம் இருந்து முருகனிடம் நான் கேட்டது வேறொன்றுமில்லை. இந்த மனுஷன் ஒருதரம் என் முகத்தைப் பார்த்து ஒரு வார்த்தை பேசட்டும் என்றுதான்.

ஆஸ்பத்திரியில் கடைசி நாள் நர்சிடம் சொன்னீர்கள்: "காலையிலருந்து அவ ஒண்ணும் சாப்புடல. சாப்புடச் சொல்லுங்க."

"பக்கத்துலதான நிக்கறாங்க. நீங்களே சொல்லுங்கய்யா" என்றது அந்தப் பெண்.

நான் கட்டில் கம்பியைப் பிடித்துக்கொண்டு காத்திருந்தேன். நீங்கள் சுவர்ப்பக்கம் திரும்பிக்கொண்டீர்கள். பொழுது சாய்வதற்குள் போய்விட்டீர்கள்.

எழவுக்கு வந்தவர்கள், "கடைசி வரைக்கும் உன் நெனப்புதான் அவருக்கு" என்றார்கள். தெரியும். அன்பில்லாத மனுஷனாக இருந்திருந்தால் அன்றைக்கே தலைமுழுகியிருப்பேன். வைத்துக்கொண்டு கொடுக்காமல் போனீர்களே, அதைத்தான் பொறுக்க முடியவில்லை.

விரதம் இன்னும் இருக்கிறேன். முருகன்மேல் கோபமில்லை, அவன் என்ன செய்வான். தனியாகத் தட்டைப் போட்டு உட்கார்ந்தால் உங்கள் குரல் கேட்கிறது, சாப்பிடச் சொல்லுங்கள் என்று. இன்றைக்கும் அது வேறு யாரிடமோதான் சொல்லுகிறது.