மனைவி இல்லாதவன் என்றார்கள்

ரய்யா, நீயும் பிள்ளைகளும் இறைவன் அருளால் சுகம்தானே? அம்மாவுக்கு முழங்கால் வலி தேவலையா? நான் நன்றாக இருக்கிறேன். பயப்பட ஒன்றுமில்லை, டமாஸ்கஸில் வீடு மட்டும் மாறியிருக்கிறேன்.

மாறுவதாவது! துரத்திவிட்டார்கள். தெருத் தலைவன் பத்ரானுக்கு மருமகனைக் குடிவைக்க என் அறை வேண்டியிருந்தது. என்னிடம் கேட்டிருக்கலாம். காஜியிடம் போய், "பெண்டாட்டி இல்லாத ஒண்டிக்கட்டை, மாடியேறி எங்க வீட்டுப் பொம்பளைங்களப் பாக்குறான்" என்று சொல்லிவிட்டான். இடிந்த கைப்பிடிச் சுவரைக் கட்டித் தரச் சொல்லி என்னை மாடியேற்றியதே அவன்தான்! பாஷாவின் அந்தப்புரத்துக்கே சுவர் எழுப்புகிற கொத்தன் நான், இவன் வீட்டை எட்டிப் பார்ப்பேனாம்!

ஊரில் மனைவி இருக்கிறாள் என்றேன். "உன் கொடியில என்னைக்காவது ஒரு பொம்பளத் துணி காஞ்சிருக்கா?" என்றான். காஜி அக்கம்பக்கத்தாரைப் பார்த்து, "இவன் நல்லவனா?" என்று கேட்டார். இங்கே அவர்கள் வாய்தான் தீர்ப்பு. நான் சும்மா கட்டிக்கொடுத்த அடுப்பில் சமைத்துத் தின்கிற பயல்கள் எல்லாம் தரையைப் பார்த்துக்கொண்டு நின்றார்கள். நாசமாய்ப் போகட்டும்!

இப்போது ஒட்டகக்காரர்களோடு சத்திரத்தில் இருக்கிறேன். இந்தக் கடிதம் கொண்டுவருகிற ஆளிடமே என் கம்பளியும் கொஞ்சம் உலர்ந்த அத்தியும் கொடுத்தனுப்பு. உன் பழைய முக்காடு ஒன்றையும் வை. அடுத்த தெருவில் குடிபோன அன்றைக்கே கொடியில் போடுகிறேன், எந்தப் பயல் கேட்கிறான் பார்ப்போம்.

ஆள் கிளம்பிவிட்டான், கத்துகிறான். முக்காட்டைத் துவைக்காமல் அனுப்பு.

உன் ஸர்ஹான்