கூம்பு நத்தைப் பக்கம்

அன்புள்ள அண்ணாவுக்கு,

வணக்கம். உங்கள் கப்பல் கரை சேர இன்னும் நான்கு நாள் ஆகுமாம். கம்பெனி ஆபீசில் கொடுத்தால் இந்தக் கடிதம் துறைமுகத்தில் உங்கள் கைக்கு வந்துவிடும் என்றார்கள்.

முதலில் உங்கள் வாலுப் பெண்ணைப் பற்றி. இன்றும் மெஷின்தான் அவளுக்காக மூச்சு விடுகிறது. இந்த நத்தை விஷத்துக்கு மாற்று மருந்து இல்லை, அது தானாக இறங்கும்வரை மூச்சைக் காப்பாற்ற வேண்டும் என்கிறார் டாக்டர். காலையில் ஒரு விரல் அசைந்ததாக நர்ஸ் சொன்னார். நான் பார்க்கவில்லை.

நான் வேளாவேளைக்குச் சாப்பிடுகிறேன். அழுகை வரவில்லை. கல்லு மாதிரி உட்கார்ந்திருக்கிறாள் என்று பக்கத்து வீட்டு அக்கா யாரிடமோ சொன்னார். சரியாகத்தான் சொன்னார்.

கிளிஞ்சல் என்று நினைத்து எடுத்துவிட்டாள், உன் மேல் என்ன தப்பு என்று போனில் கேட்டீர்கள். அவளுக்கு அது என்னவென்று தெரியும், அண்ணா.

பிள்ளைகளுக்காக நான் எழுதும் பயங்கர விலங்குகள் புத்தகத்தில் ஒவ்வொரு பக்கத்தையும் முதலில் படிப்பது அவள்தான். முதலை வெறும் பல்லு, போர் அடிக்குது என்று தள்ளிவிட்டாள். கடலில் இருக்கும் கூம்பு நத்தையின் பக்கத்தை மட்டும் மனப்பாடம் செய்தாள். படம் பெரிதாக இருக்கிறது, இரண்டு வரி வெட்டுங்கள் என்று பக்கம் அமைக்கும் பெண் கேட்டாள். நத்தை விஷ ஊசியால் மீனைக் குத்திப் பிடிப்பதை வெட்ட மனம் வரவில்லை. மனிதரையும் கொல்லும், அதன் ஓட்டைத் தொடாதே என்ற வரிகளை வெட்டினேன். பயங்கர விலங்கு என்று அட்டையிலேயே இருக்கிறதே, தனியாக எதற்கு என்று நினைத்தேன்.

அன்று கடற்கரையில் அந்த நத்தையை உள்ளங்கையில் வைத்துக்கொண்டு ஓடி வந்தாள். நம்ம புக்குல இருக்கறதுதான், பயப்படாத அத்தை, இது மீனைத்தான் குத்தும் என்றாள். நான் தட்டிவிடுவதற்குள் குத்திவிட்டது. எறும்பு கடிச்ச மாதிரிதான் இருக்கு என்று எனக்கே தைரியம் சொன்னாள்.

அந்த இரண்டு வரியையும் நேற்று திரும்பச் சேர்த்துவிட்டேன். படத்தைச் சின்னதாக்கினார்கள். அவ்வளவு சுலபமாக முடிந்தது.

அண்ணி போன பிறகு என்னை நம்பித்தான் அவளை விட்டுவிட்டுப் போனீர்கள். இங்கே எல்லோரும் என்னைத் தேற்றுகிறார்கள். நீங்களாவது வந்து என்னைத் திட்டுங்கள், அண்ணா. ஆனால் அவள் கட்டில் பக்கத்தில் வேண்டாம், வெளியே கூட்டிக்கொண்டு போய்த் திட்டுங்கள். அவளுக்குக் காது நன்றாகக் கேட்கிறதாம்.

பத்திரமாக வந்து சேருங்கள்.

உங்கள் தங்கை