விட்பிக்குப் போய்ச் சேராத ஒளிப்பதிவாளருக்கு

என் அன்பு மாரெக் அண்ணை,

நீங்கள் போன பிறகு இது இரண்டாவது பனிக்காலம். போலந்திலிருந்து உங்கள் மகள் ஏவா வந்திருக்கிறாள். உங்கள் உடுப்பு அலுமாரியைத் திறந்தவள், ஒன்றையும் தொடாமல் மூடிவிட்டாள். "அப்பா இங்கே என்ன படம் எடுத்தார்?" என்று என்னிடம் கேட்டாள்.

நான் என்ன சொல்ல? அங்கே நீங்கள் எடுத்த முதல் படத்தை அரசாங்கம் பூட்டி வைத்தது. இங்கே வந்து பார்க்டேல் பகுதியில் அலுவலகங்கள் கூட்டித் துடைத்தீர்கள். பிறகு பனிக்கால டயருக்கும் நாய்ச் சாப்பாட்டுக்கும் விளம்பரம் எடுத்தீர்கள். முழுநீளப் படமொன்று கிடைக்க அறுபது வயது தாண்டிவிட்டது. அதுவும் தமிழ்ப் படம். தயாரிப்பாளர் என் சொந்தத் தம்பி ரமணன். விளக்குகளுக்குப் பொறுப்பு நான்.

எங்கள் பாசை விளங்காமலே எங்கள் துக்கம் உங்களுக்கு எப்படி விளங்கியது? அழுகிற காட்சியில் நடிகை திரும்பிக்கொண்டாள். நீங்கள் கமராவை நகர்த்தாமல் அவள் முதுகிலேயே வைத்திருந்தீர்கள். "முகம் தெரியேல்லையே!" என்று தம்பி கத்தினான். "ஓம்" என்று தலையாட்டினீர்கள், உங்களுக்குத் தெரிந்த ஒரே தமிழ்ச் சொல்லில்.

படப்பிடிப்பின் கடைசி வாரம் ஒரு விடியலில் தொடங்கிய வேலை அடுத்த விடியலில்தான் முடிந்தது. கண்கள் சிவந்து நின்றீர்கள். கொஞ்ச நேரம் படுத்துவிட்டுப் போகச் சொன்னேன்.

"வாடகை மண்டபத்தை இப்பவே திருப்பிக் குடுக்கவேணும், அக்கா" என்று ரமணன் கதிரைகளை மடக்கினான்.

விட்பியிலுள்ள உங்கள் வீட்டுக்குக் காரை எடுத்தீர்கள். வழியில் அஜக்ஸ் நகரைக்கூடத் தாண்டவில்லை. 401 நெடுஞ்சாலையில் நின்ற லொறியோடு மோதியிருக்கிறது. பிறேக் பிடித்த அடையாளமே இல்லையாம்.

விசாரணை அதிகாரி வருவதற்கு முன்னம் தம்பி என்னிடம் வந்தான்.

"அக்கா, அவருக்குக் கண் மங்கல் எண்டு சொல்லுங்கோ. வயசு போன மனிசன், நம்புவினம்."

"அந்தக் கண்ணை நம்பித்தானேடா நீ படம் எடுத்தனீ?"

"நான் மறியலுக்குப் போய்க் கம்பி எண்ணினா உங்களுக்குச் சந்தோசமோ?"

 ஆனாலும் அதிகாரியிடம், இரவு முழுக்க வேலை செய்த உங்களைப் படுக்க விடாமல் அனுப்பியதை நடந்தபடியே சொன்னேன். அதன்பிறகு அவன் என் வீட்டுக்கு வருவதில்லை. அம்மா தொலைபேசியில் அழுகிறா; யாருக்காக என்று நான் கேட்பதில்லை. வேறொருவரை வைத்துப் படத்தை முடித்துவிட்டார்கள். அந்த முதுகுக் காட்சியை வெட்டிவிட்டார்களாம்.

வருகிற மாதம் நீதிமன்றத்தில் தம்பி மீதான வழக்கு. ஏவா வந்து இருப்பாள், ரமணனும் இருப்பான். இருவரையும் பார்த்துக்கொண்டே அதையே திரும்பச் சொல்வேன், அண்ணை. அவன் என் தம்பி என்பதையும் சேர்த்துச் சொல்வேன்.

உங்களோடு கூடப்பிறக்காத தங்கச்சி,
யசோ